புழு வைத்த புண்: வடசென்னையில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வியாசர்பாடி, கொருக்குப்பேட்டை, காசிமேடு, திருவொற்றியூர் பக்கம் தெரு நாய்க்குச் சோறு வைப்பவர்களும், வீட்டில் சுகர்காரரையோ படுத்த படுக்கையாகக் கிடக்கும் பெரியவரையோ பார்த்துக்கொள்பவர்களும் திரும்பத் திரும்பக் கேட்ட சந்தேகங்கள் இவை. கேட்டவர்கள் பேச்சிலேயே கேள்விகளை வைத்திருக்கிறோம். முதலில் நாய், பூனை, பிறகு மனிதர், கடைசியில் கடற்கரை மணலும் நாய்க்கடியும். நாய்க்கு அவசரம் என்றால் 6-ஆம் கேள்விக்கு நேராகப் போங்கள்.

1. "புண்ணுல புழு எங்கேருந்து வருது? ரத்தம் கெட்டுப்போயி உள்ளேருந்து வருதா?"

இல்லை. வெளியிலிருந்து வருகிறது. திறந்து கிடக்கும் புண்ணில் ஈ முட்டையிடுகிறது, முட்டை பொரிந்து புழுவாகிறது. ரத்தம் கெட்டது, போன ஜென்மத்துப் பாவம், யாரோ வைத்த செய்வினை என்று எதுவும் இல்லை. இதை முதலில் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. வெட்கப்பட்டு மறைத்து வைப்பதால்தான் பாதிப் புண்கள் கை மீறிப் போகின்றன.

எல்லா ஈயும் ஒன்றல்ல. மீன் கழிவிலும் குப்பையிலும் மொய்க்கும் பச்சை, நீல ஈக்கள் பெரும்பாலும் நாற்றமெடுத்த பழைய புண்ணைத் தேடி வரும். அவற்றின் புழு முக்கியமாகச் செத்த சதையைத் தின்னும். திருகுப்புழு ஈ வேறு. கிரைசோமியா பெசியானா என்பது அதன் அறிவியல் பெயர். அது புதுப் புண்ணையும் விடாது. அதன் புழு உயிருள்ள சதையைத் துளைத்துக்கொண்டு உள்ளே போகும். உண்ணி கடித்த சின்னக் காயம்கூட அதற்குப் போதும்.

2. "ஈ ஒக்காந்தா எவ்ளோ நேரத்துல புழு ஆவும்?"

முட்டை பொரிய 12 முதல் 24 மணி நேரம். ஒரு ஈ ஒரே தடவையில் நூறு, இருநூறு முட்டைகளைப் புண்ணின் ஓரத்தில் கூரை ஓடு வேய்ந்தாற்போல் வரிசையாக ஒட்டிவிட்டுப் போகும். சதை ஈ என்று ஒரு வகை உண்டு. உடம்பு சாம்பல் நிறம், முதுகில் கறுப்புக் கோடுகள். அது முட்டை இடாமல் நேராகப் புழுவாகவே விட்டுவிடும். அதனால் "காலையில் பார்த்தேன், சுத்தமாக இருந்தது, சாயங்காலம் புழு" என்று ஒருவர் சொன்னால் அது பொய்யாக இருக்க வேண்டியதில்லை.

திருகுப்புழு 5 முதல் 7 நாள் சதையைத் தின்று சுமார் ஒன்றரை செ.மீ. வளரும். பிறகு தானாகக் கீழே விழுந்து மண்ணுக்குள் புகுந்து கூட்டுப்புழுவாகும். நம் ஊர் வெயிலில் ஏறக்குறைய ஒரு வாரத்தில் ஈயாகப் பறக்கும்.

3. "உள்ளாறவே குட்டி போட்டு பெருகிக்கினே போவுமா?"

போகாது. புழு என்பது ஈயின் குழந்தைப் பருவம். அதனால் முட்டையிடவோ குட்டி போடவோ முடியாது. எண்ணிக்கை கூடுகிறது என்றால் மூன்றில் ஒன்று நடந்திருக்கும்: ஓரத்தில் ஒட்டியிருந்த மிச்ச முட்டை பொரிந்திருக்கும், ஆழத்தில் இருந்தவை மேலே வந்திருக்கும், அல்லது புது ஈ வந்து உட்கார்ந்திருக்கும். மூன்றையும் தடுக்கலாம்.

4. "மேல சின்ன ஓட்டைதான் தெரியுது. பெருசா ஒண்ணும் இல்லல்ல?"

அந்தச் சின்ன ஓட்டையை நம்பாதீர்கள். திருகுப்புழு தலையைக் கீழே சதைக்குள் புதைத்து, பின்பக்கத்தை மேலே வைத்துக்கொண்டு தின்னும். டார்ச் அடித்துப் பார்த்தால் ஓட்டைக்குள் வெள்ளையாக ஏதோ ஏறி இறங்கும். ஒவ்வொன்றின் நுனியிலும் இரண்டு கரும்புள்ளிகள் தெரியும். பலரும் அதைக் கண் என்று நினைக்கிறார்கள். அது பின்பக்கத்து மூச்சுத் துளை. அங்கிருந்துதான் புழு காற்று வாங்குகிறது. 6-ஆம் பதிலில் வாஸ்லைன் பூசச் சொல்வது இதை வைத்துத்தான்.

தோலில் ஒரு ரூபாய்க் காசு அளவு ஓட்டை இருந்து, அடியில் உள்ளங்கை அகலத்துக்குப் பை போலக் குடைந்திருப்பது சாதாரணம். புழு தெரிவதற்கு முன்பே சில அடையாளங்கள் இருக்கும்: தனியான ஓர் அழுகல் வாடை, ரத்தம் கலந்த நீர் சொட்டுவது, நாய் தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து உதறுவது, ஒரே இடத்தை விடாமல் நக்குவது, இருட்டு மூலையில் போய்ப் படுத்துக்கொள்வது.

5. "வாலுக்கு அடியில அரிசி மாதிரி ஒட்டிக்கினு இருக்கு. அதுவும் இதானா?"

பெரும்பாலும் இல்லை. ஆசனவாயைச் சுற்றி, புண் எதுவும் இல்லாமல், தட்டையாக வெள்ளரி விதை போல ஒட்டியிருந்தால் அது குடலில் இருக்கும் நாடாப்புழுவின் துண்டு. காய்ந்தால் அரிசி போல ஆகும். தெள்ளுப்பூச்சி மூலம் வருவது. பூச்சி மாத்திரையும் தெள்ளுக்கு மருந்தும் போதும். ஈ முட்டை இதைவிட மிகச் சிறியது. மஞ்சள் கலந்த வெள்ளையில், கொத்தாக, முடியோடு சேர்ந்து பிசின் போல ஒட்டியிருக்கும், தட்டினால் உதிராது.

6. "எங்க தெரு நாய்க்கு காதாண்ட புழு வெச்சிருக்கு. ஆஸ்பத்திரிக்கு இட்டுக்கினு போறதுக்குள்ள நாங்க இன்னா செய்யலாம்?"

முதலில் உங்கள் கையைப் பாதுகாத்துக்கொள்ளுங்கள். சாதுவான நாயும் வலியில் கடிக்கும். ஒன்றரை மீட்டர் நீளக் காஸ் துணியில் முடிச்சுப் போட்டு மூக்கின் மேல் மாட்டி, தாடைக்குக் கீழே குறுக்காக எடுத்து, காதுக்குப் பின்னால் கட்டுங்கள். வாந்தி எடுக்கும் நாய்க்கும் மூச்சு வாங்கும் நாய்க்கும் வாயைக் கட்டாதீர்கள். வாயிலோ மூக்கிலோ புழு இருந்தால் வீட்டில் தொடவே வேண்டாம். கையுறை போடுங்கள், இரண்டு பேர் இருங்கள்.

புண்ணின் மேல் நனைத்த காஸை வைத்துவிட்டுச் சுற்றி 3 செ.மீ. அளவுக்கு முடியை வெட்டுங்கள். அப்போதுதான் முடி உள்ளே விழாது, ஒட்டியிருக்கும் முட்டையும் முடியோடு போகும். வளைந்த நுனியுள்ள கத்தரி நல்லது. பிறகு கழுவ வேண்டும். மெடிக்கலில் கிடைக்கும் 500 மி.லி. சலைன் பாட்டில் ஒன்று, ஊசி கழற்றிய 20 மி.லி. சிரிஞ்ச் ஒன்று. சலைன் இல்லையென்றால் கொதிக்க வைத்து ஆற்றிய ஒரு லிட்டர் தண்ணீரில் 9 கிராம் உப்பு, அதாவது தலைதட்டி ஒன்றரை டீஸ்பூன் தூள் உப்பு. ஓரத்திலிருந்து சாய்வாகப் பீய்ச்சினால் மேலாக இருப்பவை வெளியே வரும். காதுத் துளைக்குள் மட்டும் பீய்ச்சாதீர்கள். செவிப்பறை ஓட்டையாக இருக்கலாம்.

அடுத்து ஓட்டையின் வாயை வாஸ்லைனால் கனமாக மூடி 10 முதல் 20 நிமிடம் காத்திருங்கள். மூச்சு முட்டினால் புழு பின்பக்கத்தை வெளியே நீட்டும். முனை மழுங்கிய இடுக்கியால் பிடித்து நிதானமாக இழுங்கள். உடம்பைச் சுற்றி வளையம் வளையமாக முள் இருப்பதால் வெடுக்கென்று இழுத்தால் அறுந்துபோகும். அறுந்த துண்டு உள்ளேயே அழுகும். எடுத்ததை மூடியுள்ள டப்பாவில் கொதிநீர் ஊற்றிப் போடுங்கள். மண்ணில் உதறினால் என்ன ஆகும் என்று 2-ஆம் பதிலில் இருக்கிறது.

கடைசியாக, 10 சதவீத பீட்டாடின் கரைசலில் ஒரு பங்குக்குப் பத்துப் பங்கு சலைன் சேர்த்து, வெளிர் டீ நிறத்தில் ஊற்றிக் கழுவி, காஸ் வைத்து லேசாகக் கட்டுங்கள். ஹைட்ரஜன் பெராக்சைடு நுரைப்பதைப் பார்த்து வேலை செய்கிறது என்று நம்பித் தினமும் ஊற்றுகிறார்கள். அது ஆறி வரும் புதுச் சதையையும் அரித்துவிடும். ஆழமான பொந்துக்குள் ஊற்றினால் வாயு ரத்தக்குழாயில் ஏறும் ஆபத்தும் உண்டு.

7. "எங்க இட்டுக்கினு போறது? ஆட்டோக்காரங்க ஏத்த மாட்றாங்களே."

வடசென்னைக்குக் கைக்கு எட்டும் தூரத்தில் இருப்பவை வேப்பேரி சென்னை கால்நடை மருத்துவக் கல்லூரி மருத்துவமனையும், மாதவரம் பால்பண்ணையில் உள்ள கால்நடைப் பல்கலைக்கழகத்தின் கிளை மருத்துவமனையும். காலையிலேயே போய்ச் சீட்டு வாங்கிவிடுங்கள்; மயக்கம் கொடுத்துச் சுத்தம் செய்ய வேண்டியிருந்தால் நேரம் பிடிக்கும். தெரு நாய் தொடர்பாக மாநகராட்சியை அழைக்க 1913.

ஆட்டோவில் ஏற்றாததற்குக் காரணம் பெரும்பாலும் நாற்றமும், சீட்டில் புழு விழும் என்ற பயமும். புண்ணைக் காஸ் வைத்துப் பழைய பனியனால் சுற்றிக் கட்டி, கீழே கோணி விரித்துக் கொண்டுபோனால் பெரும்பாலும் சம்மதிப்பார்கள். இரவாகிவிட்டால் 6-ஆம் பதிலில் சொன்னதைச் செய்துவிட்டு, நாயை கொசுவலைக்குள்ளோ கதவு மூடிய அறையிலோ வைத்து விடியும்வரை பார்த்துக்கொள்ளலாம். ஆனால் ஈறு வெளுத்துப் போனாலோ, உடம்பு சில்லிட்டாலோ, எழுந்து நிற்க முடியாவிட்டாலோ, காய்ச்சல் 40 டிகிரி செல்சியஸைத் தாண்டினாலோ காத்திருக்காதீர்கள். நாய்க்கு 38 முதல் 39.2 வரை இயல்பு.

8. "மண்ணெண்ணெய், பினாயில், அந்துருண்டை, டர்பன்டைன்... எது ஊத்தினா சட்டுனு சாவும்?"

புழு சாகும். கூடவே சதையும் வெந்துபோகும், சில சமயம் நாயும் போகும். நாய் எரிச்சலில் நக்கும்போது மண்ணெண்ணெய் நுரையீரலுக்குள் போனால் நிமோனியா வரும். பினாயில் தோலை எரித்து, உள்ளே ஊறி, ஈரலைக் கெடுக்கும். அந்துருண்டையைப் பொடித்துப் புண்ணில் அடைப்பது நம் பக்கம் பழைய பழக்கம். நாப்தலின் ரத்தச் சிவப்பணுக்களை உடைக்கும். வேண்டவே வேண்டாம்.

டர்பன்டைன் கதை வேறு. கால்நடை மருத்துவர்கள் அதை நனைத்த காஸைச் சற்று நேரம் வைத்துப் புழுவை வெளியே வரவழைத்து, உடனே கழுவி எடுத்துவிடுவது உண்டு. அது பைன் மரப் பிசினிலிருந்து எடுக்கும் எண்ணெய். பெயின்ட் கடையில் அதே பெயரில் லிட்டர் கணக்கில் விற்பது பெரும்பாலும் பெட்ரோலிய எண்ணெய், பெயின்ட் கலக்க மட்டுமே உதவும். வீட்டில் இரண்டுமே தேவையில்லை. வாஸ்லைன் அதே வேலையை எரிச்சல் இல்லாமல் செய்யும்.

இன்னொன்றைக் கவனியுங்கள். எந்த மருந்தாலும் புழுவைக் கொன்று உள்ளேயே விட்டுவிட்டால் வேலை முடியவில்லை. இருபது, முப்பது செத்த புழு சதைக்குள் அழுகினால் உயிரோடு இருந்ததைவிட மோசமான சீழ் வரும்.

9. "சீத்தா இலை அரைச்சு வெச்சா போதும்னு ஊர்ல சொல்வாங்க. வேப்பெண்ணெய் தடவலாமா?"

மாட்டுப் புண்ணுக்குச் சீத்தா இலை அரைத்து வைப்பது ஊர்ப்பக்கம் உள்ள வழக்கம்தான். பூச்சியைக் கொல்லும் சத்து அதில் இருப்பதும் உண்மை. ஆனால் அம்மியில் அரைத்த இலையோடு மண்ணும் கிருமியும் ஆழமான பொந்துக்குள் போய் அடைத்துக்கொள்ளும். கண்ணில் பட்டால் கடுமையாகப் புண்ணாக்கும். காதாண்ட, முகத்தாண்ட வைக்கவே கூடாது. வேப்பெண்ணெயைப் புண்ணுக்குள் ஊற்றாமல், புண்ணைச் சுற்றியுள்ள நல்ல தோலில் மெல்லிசாகத் தடவினால் ஈ அண்டுவது குறையும். நாய்க்கு மட்டும், பூனைக்கு வேண்டாம். மஞ்சள் பொடியால் புழு வெளியே வராது. புண் எப்படி இருக்கிறது என்று பார்க்க முடியாமல் எல்லாம் மஞ்சளாகிவிடும், அவ்வளவே.

10. "மெடிக்கல்ல மாட்டு ஊசி ஒண்ணு தர்றாங்க. ஒரு மி.லி. போட்டா புழு கொட்டிடுமாம்?"

அது ஐவர்மெக்டின். மருந்து நல்ல மருந்துதான், கணக்கு தப்பினால்தான் கொல்லும். மாட்டுக்கான 1 சதவீத ஊசி மருந்தில் ஒரு மி.லி.க்கு 10 மி.கி. இருக்கிறது, அது 50 கிலோ எடைக்கான அளவு. நம் தெரு நாய் பத்துப் பதினைந்து கிலோ. அதற்கு ஒரு மி.லி. போட்டால் மூன்று மடங்கிலிருந்து ஐந்து மடங்கு. கோலி வகை நாய்களுக்கும் அந்த ரத்தம் கலந்தவற்றுக்கும் மருந்து மூளைக்குள் போவதைத் தடுக்கும் மரபணு பழுதாக இருக்கலாம். அவற்றுக்குச் சரியான ஊசி அளவே ஆபத்தாக முடியலாம். எச்சில் ஒழுகுவது, தள்ளாடுவது, கண் தெரியாமல் முட்டிக்கொள்வது, நடுக்கம் எல்லாம் விஷம் ஏறியதன் அடையாளங்கள். குட்டிகளுக்கு நீங்களாகப் போடவே கூடாது. எடை பார்த்து டாக்டர் போடட்டும்.

புழுப்புண்ணுக்கென்றே விற்கும் தூள்களிலும் எச்சரிக்கை வேண்டும். நெகாசன்ட் போன்ற தூளில் கூமாஃபாஸ், ப்ரொபாக்ஸர் என்று இரண்டு பூச்சிக்கொல்லிகள் இருக்கின்றன. புழுவை எடுத்த பிறகு சிட்டிகை அளவு, நக்க முடியாத இடத்தில், கழுத்துக்கூம்பு மாட்டி, டாக்டர் சொன்னால் மட்டும். கூம்பு வாங்க முடியாவிட்டால் அடிப்பக்கம் வெட்டிய பிளாஸ்டிக் பக்கெட்டைக் கழுத்துப் பட்டையோடு கட்டலாம்.

11. "பூனைக்கும் இதேதானே?"

இல்லை. 6-ஆம் பதிலில் சலைனும் வாஸ்லைனும் இடுக்கியும் மட்டும் பூனைக்குப் பொருந்தும். பினாயில், டெட்டால், டர்பன்டைன், நாய்க்கான பெர்மெத்ரின் ஸ்பிரே, மேலே சொன்ன தூள் எல்லாம் விஷம். பூனையின் ஈரலால் இவற்றை உடைத்து வெளியேற்ற முடியாது. உடம்பில் பட்டதை நக்கி வயிற்றுக்கும் அனுப்பிவிடும். துணியில் இறுக்கிச் சுற்றித் தலை மட்டும் வெளியே தெரிய வைத்துப் பிடியுங்கள். சண்டையில் பட்ட பல் காயம் சீழ்க்கட்டியாகி உடைந்து, அதில் புழு வைப்பதே பூனைகளிடம் அதிகம். அதற்கு ஆன்டிபயாடிக்கும் வேண்டும்.

12. "எல்லாத்தையும் எடுத்துட்டோம். மறுநாள் பாத்தா மறுபடி நெளியுது!"

3-ஆம் பதிலில் சொன்ன மூன்றில் முதல் இரண்டு. அதனால்தான் ஒரே நாளில் முடித்துவிட்டோம் என்று எண்ணக் கூடாது. குறைந்தது மூன்று நாள், காலையும் மாலையும் கட்டைப் பிரித்துப் பாருங்கள். தொடர்ந்து 48 மணி நேரம் எதுவும் நெளியாமல், அடிச்சதை மாதுளை முத்து போலச் சிவந்து ஈரமாக இருந்தால் புழு போய்விட்டது. பொந்து அடியிலிருந்து மேலாக நிரம்பி வர வேண்டும். மேல்தோல் முதலில் மூடிக்கொண்டால் உள்ளே சீழ் கட்டும். அதனால் அவசரப்பட்டுத் தையல் கேட்காதீர்கள்.

13. "அதே நாய்க்கு மாசா மாசம் புழு வெக்குது. எங்க தப்பு பண்றோம்?"

புழுவை எடுப்பதில் தப்பு இருக்காது. புண் ஏன் வருகிறது என்று பார்க்காமல் விட்டிருப்பீர்கள். காது என்றால் உள்ளே காதுச் செள் அல்லது சீழ். கழுத்தைச் சுற்றி என்றால், குட்டியாக இருந்தபோது யாரோ கட்டிய கயிறு வளர வளரச் சதைக்குள் அறுத்து இறங்கியிருக்கும். முடிக்குள் விரல் விட்டுத் தடவினால்தான் தெரியும். வால் அடி, இடுப்பு என்றால் தெள்ளு, உண்ணி.

பிறப்புறுப்பிலிருந்து ரத்தம் சொட்டி, பூக்கோசு போல சதை தெரிந்தால் அது இனச்சேர்க்கையில் பரவும் கட்டி. தெரு நாய்களிடம் சாதாரணமாகக் காணப்படுவது. பார்க்கப் பயங்கரமாக இருந்தாலும் வின்கிரிஸ்டின் ஊசி வாரம் ஒன்றாக நான்கிலிருந்து ஆறு வாரம் போட்டால் பெரும்பாலும் கரைந்துவிடும். புழுவுக்காக நாயைக் கருணைக்கொலை செய்யச் சொல்கிறார்கள் என்று வருவோரிடம் நாங்கள் முதலில் கேட்பது, இந்தக் கட்டியா என்று பார்த்தார்களா என்பதைத்தான்.

14. "வீடியோல நாய் தோலை பிதுக்கி பிதுக்கி புழு எடுக்குறாங்களே, அப்படி செய்யலாமா?"

அது ஆப்பிரிக்காவின் டும்பு ஈ. தென் அமெரிக்கா, மத்திய அமெரிக்காவில் மனிதத் தோலுக்குள் கொப்புளம் போல வளரும் பாட் ஈ இன்னொன்று. இரண்டிலும் ஒரு புழுவுக்கு ஒரு கொப்புளம். இரண்டும் நம் ஊரில் இல்லை. அந்த நாடுகளுக்குப் போய்வந்தவர் உடம்பில் வந்தால் உண்டு. நம் ஊர்ப் புழு கூட்டமாக ஒரே பொந்தில் இருப்பது. பிதுக்கினால் இன்னும் ஆழமாகப் போகும் அல்லது உள்ளேயே நசுங்கும்.

15. "அப்பாவுக்கு சுகர். கால் விரல் நடுவுல புழு. அவருக்கு வலியே தெரியல."

வலி தெரியாததுதான் நோய். சர்க்கரையால் காலின் நரம்பு உணர்விழந்திருக்கிறது. ரத்த ஓட்டமும் குறைவாக இருக்கும். சலைன் ஊற்றிக் கழுவி, தானாக விழுபவை விழட்டும் என்று விட்டு, சுத்தமான காஸால் மூடி, அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போங்கள். வீட்டில் பிளேடால் சதையை நறுக்குவதும், சுடுதண்ணீரில் காலை வைப்பதும் கூடாது. உணர்வில்லாத கால் வெந்தாலும் தெரியாது. ஸ்டான்லி அரசு மருத்துவமனை பழைய வண்ணாரப்பேட்டையிலேயே இருக்கிறது. அங்கே எலும்புவரை சீழ் போயிருக்கிறதா என்று எக்ஸ்ரே எடுப்பார்கள், சுகர் பார்ப்பார்கள், டெட்டனஸ் ஊசி போடுவார்கள், செத்த சதையை வெட்டி எடுப்பார்கள். விரல் கறுத்திருந்தாலோ, குளிர் காய்ச்சல் இருந்தாலோ, சிவப்பு கணுக்காலுக்கு மேல் ஏறியிருந்தாலோ 108-ஐக் கூப்பிடுங்கள்.

பிறகு தினமும் இரவு காலைத் துடைத்து, விரல் இடுக்குகளையும் உள்ளங்காலையும் பார்க்க வேண்டும். குனிய முடியாதவர் கீழே கண்ணாடி வைத்துப் பார்க்கலாம். மழை மாதங்களில் தெருத் தண்ணீரில் நடந்து வந்தால் அன்றைக்கே கழுவி ஈரம் போகத் துடைக்க வேண்டும்.

16. "பாட்டி படுத்த படுக்கை. முதுகுல புழு. நாங்க சரியா பாத்துக்கலன்னு திட்டுவாங்களோன்னு பயமா இருக்கு."

பயந்து நாள் கடத்தாதீர்கள். கவனிக்காத வீட்டில்தான் இது வரும் என்பதில்லை. ஓர் ஈ, ஒரு மதியத் தூக்கம், கட்டு நழுவிய அரை மணி நேரம் போதும். உங்களை யாராவது திட்டினால்கூடப் பரவாயில்லை, பாட்டியைக் கூட்டிப் போங்கள்.

வீட்டில் மாற்ற வேண்டியவை: இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை பக்கம் மாற்றிப் படுக்க வைப்பது, காற்று மெத்தை, பகலிலும் கொசுவலை. கொசுவலையை ராத்திரிக்கு மட்டும் போடுகிறோம், ஆனால் இந்த ஈக்கள் வருவது பகலில். கட்டின் நான்கு ஓரமும் பிளாஸ்டரால் மூடியிருக்க வேண்டும். நீர் ஊறி வெளியே தெரிந்தால் உடனே மாற்ற வேண்டும், அந்த வாடைதான் ஈயைக் கூப்பிடுகிறது. வாய் திறந்தபடி தூங்குபவருக்குக் காலையும் மாலையும் வாயைத் துடைத்துவிடுங்கள். ஈறிலும் புழு வைக்கும்.

17. "மூக்குல ஏதோ ஊர்ற மாதிரி இருக்கு, ரத்தம் வருது, நாத்தம்."

இதற்கு வீட்டு வைத்தியம் கிடையாது. அன்றைக்கே காது மூக்கு தொண்டை டாக்டர். மூக்கிலிருந்து கண்குழிக்கும், அரிதாக மூளையுறைக்கும் போக வழி இருக்கிறது. கண் இமை வீங்கினாலோ, தலைவலி கடுமையானாலோ மணிக்கணக்குகூடத் தள்ளிப்போடாதீர்கள். மண்ணெண்ணெய், புகையிலைச் சாறு எதையும் விட வேண்டாம், மூச்சுக்குழாயில் இறங்கும். முன்பக்கம் சாய்ந்து உட்கார்ந்தபடி கூட்டிப் போங்கள். ஆஸ்பத்திரியில் எண்டோஸ்கோப் வைத்து இடுக்கியால் எடுப்பார்கள், ஐவர்மெக்டின் மாத்திரை தருவார்கள், பல நாள் தொடர்ந்து பார்ப்பார்கள். மூக்கின் உட்தோல் வற்றிப் பொருக்குக் கட்டும் நோய் உள்ளவர்களுக்கு, தங்கள் நாற்றம் தங்களுக்கே தெரியாது. பக்கத்தில் இருப்பவர்தான் சொல்ல வேண்டும்.

குழந்தைகளுக்கு இது காதில் வரும். நாள்பட்டுச் சீழ் வடியும் காதில் செவிப்பறை ஓட்டையாக இருக்கும்; எண்ணெய் ஊற்றினால் நேராக நடுக்காதுக்குள் போகும்.

18. "பொண்ணு தலையில பேன் புண்ணு. அதுலயும் வெக்குமா?"

வைக்கும். பேன் கடித்துச் சொறிந்த புண் சீழ் பிடித்து, முடி சடையாக ஒட்டிக்கொண்டு, அடியில் ஓட்டைகள் இருக்கும். வாடை வந்தாலோ பின்கழுத்தில் நெறி கட்டினாலோ அந்த இடத்து முடியை வெட்டிப் பாருங்கள். முடி போனால் வளரும். புழுவுக்கும் சீழுக்கும் டாக்டர் பார்க்கட்டும். வீட்டில் எல்லோர் பேனுக்கும் ஒரே நாளில் மருந்து போடுங்கள். இல்லையென்றால் ஒரு மாதத்தில் திரும்ப வரும்.

19. "நாய் புழு நமக்கு ஒட்டுமா?"

புண்ணில் இருக்கும் புழு ஒட்டாது. கையில் ஏறினால் உதறிவிடுங்கள், நல்ல தோலைத் துளைக்காது. ஆனால் உங்கள் கையில் திறந்த காயம் இருந்தால் மூடிவிட்டு வேலை செய்யுங்கள். நாயிடமிருந்து நமக்கு வரும் தோல் புழு வேறு ஒன்று. அடுத்த கேள்வி அதுதான்.

20. "பீச் மண்ணுல விளையாடின புள்ளைக்கு கால்ல செவப்பா கோடு கோடா நகருது. பாம்பு மாதிரி!"

இது ஈ சம்பந்தப்பட்டதே அல்ல. நாய், பூனையின் குடலில் இருக்கும் கொக்கிப்புழுவின் முட்டை மலத்தோடு மணலில் விழுந்து, ஈரமும் நிழலும் உள்ள இடத்தில் குஞ்சாகி, வெறுங்காலில் தோலைத் துளைக்கிறது. மனித உடம்பு அதற்குத் தவறான வீடு. ஆழமாகப் போகத் தெரியாமல் மேல்தோலுக்குள்ளேயே வழி தேடி அலைகிறது. 2, 3 மி.மீ. அகலத்தில் தடித்த கோடு, நாளுக்குச் சில மி.மீ. முதல் ஓரிரு செ.மீ. வரை நீளும், ராத்திரியில் அரிப்பு தாங்காது. வலை சரிசெய்ய மணலில் உட்காருபவர்களுக்குத் தொடையிலும் பிட்டத்திலும் வரும். வீட்டு வாசலில் கொட்டி வைத்த கட்டட மணலில் பூனை போனாலும் இதே கதைதான்.

ஊசியால் குத்தி எடுக்க முயலாதீர்கள். புழு கோட்டின் நுனியில் இல்லை, அதைத் தாண்டி நல்ல தோலுக்குள் இருக்கும். டாக்டர்கள் வழக்கமாகத் தருவது ஆல்பெண்டசோல் 400 மி.கி. தினம் ஒன்றாக மூன்று நாள் அல்லது அதற்கு மேல்; இல்லையேல் எடைக்கு ஏற்ப ஒரே வேளை ஐவர்மெக்டின். கர்ப்பிணிக்கும் 15 கிலோவுக்குக் குறைந்த குழந்தைக்கும் மருந்துக்கடையில் கேட்டு வாங்கித் தராதீர்கள். மருந்தே இல்லாவிட்டாலும் சில வாரம், சில மாதத்தில் அது செத்துவிடும். சொறிந்து சீழ் பிடிப்பதுதான் தொல்லை. செருப்புப் போடுவது, அலை வந்து நனைத்துப் போகும் மணலில் விளையாடுவது, மணல் குவியலைத் தார்ப்பாய் போட்டு மூடுவது ஆகியவை தடுக்கும் வழிகள். நீங்கள் சோறு போடும் நாய்க்கு மூன்று மாதத்துக்கு ஒருமுறை பூச்சி மாத்திரை கொடுங்கள். குட்டிகளுக்கு இரண்டு வார வயதிலிருந்து இரண்டு வாரத்துக்கு ஒருமுறை.

21. "ஒண்ணும் கண்ணுக்கு தெரியல. ஆனா தோலுக்குள்ள ஊர்ற மாதிரியே இருக்கு."

புண்ணும் இல்லை, கோடும் இல்லை என்றால் இந்தப் பக்கத்தில் உள்ள புழு எதுவும் இல்லை. விரல் இடுக்கு, மணிக்கட்டு, தொப்புளைச் சுற்றி ராத்திரி அரித்து, வீட்டில் இன்னொருவருக்கும் இருந்தால் அது சிரங்குப்பூச்சி. பெர்மெத்ரின் 5 சதவீத க்ரீமைக் கழுத்திலிருந்து பாதம்வரை ராத்திரி பூசி, 8 முதல் 14 மணி நேரம் கழித்துக் குளித்து, ஒரு வாரம் கழித்துத் திரும்பப் பூச வேண்டும். வீட்டில் எல்லோரும் ஒரே நாளில். சர்க்கரை நரம்புக் கோளாறிலும், குடியைத் திடீரென நிறுத்தியவர்களுக்கும் இந்த ஊறல் வரும். குடியை நிறுத்தியவருக்கு நடுக்கமும் குழப்பமும் சேர்ந்தால் அது அவசரம். ஊறல் உண்மையானது, அவரைக் கேலி செய்யாமல் டாக்டரிடம் கூட்டிப் போங்கள்.

பெரியவர்கள் "நரம்புச் சிலந்தி" என்பார்கள். அது தோலிலிருந்து நூல் போலப் புழு வெளிவரும் கினிப் புழு நோய். இந்தியாவில் கடைசியாகக் காணப்பட்டது 1996-இல்; 2000-இல் ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது.

22. "வெளிநாட்டுல புழு விட்டே புண்ண ஆத்துறாங்களாமே. அப்ப இருந்துட்டு போட்டும்னு வுட்டா இன்னா?"

உண்மைதான். அமெரிக்காவில் 2004 முதல் அனுமதியோடு செய்கிறார்கள். ஆனால் அது செத்த சதையை மட்டும் தின்னும் லூசிலியா செரிகேட்டா என்ற பச்சை ஈயின் புழு. ஆய்வுக்கூடத்தில் கிருமி நீக்கி, எண்ணி, வலைத்துணிக்குள் வைத்துக் கட்டி, இரண்டு மூன்று நாளில் எடுத்துவிடுவார்கள். கொடுங்கையூர் குப்பையிலிருந்து பறந்து வந்த ஈயின் புழு என்ன வகை, என்ன கிருமியோடு வந்தது என்று பார்த்துச் சொல்ல முடியாது. 1-ஆம் பதிலில் சொன்ன திருகுப்புழுவாக இருந்தால் அது நல்ல சதையைத்தான் தின்றுகொண்டிருக்கும்.

23. "புழு எடுக்கும்போது நாய் கடிச்சிடுச்சு. வலியிலதான் கடிச்சுது, வெறி இல்ல. ஊசி வேணுமா?"

வேண்டும். வலியில் கடித்ததா வெறியில் கடித்ததா என்று பார்த்துச் சொல்ல யாராலும் முடியாது; வெறிநோய் உள்ள நாயின் புண்ணிலும் புழு வைக்கும். ஓடும் குழாய்த் தண்ணீரில் சோப்புப் போட்டு முழுதாக 15 நிமிடம் கழுவுங்கள். மிளகாய்த்தூள், சுண்ணாம்பு வைக்காதீர்கள். பிறகு நேராக அரசு மருத்துவமனை; தடுப்பூசி அங்கே இலவசம். தோலில் போடும் முறையில், முதல் ஊசி போடும் நாளை 0 என்று கொண்டு, 0, 3, 7, 28 ஆகிய நாட்களில் நான்கு தவணை. பல் பதிந்து ரத்தம் வந்திருந்தால் காயத்தைச் சுற்றி இம்யூனோகுளோபுலின் ஊசியும் கேட்டுப் போட்டுக்கொள்ளுங்கள். திறந்த காயத்தில் எச்சில் பட்டிருந்தாலும் இதே முறைதான்.

நாயைப் பத்து நாள் கண்ணில் படும்படி வைத்திருங்கள். பத்து நாள் கழித்தும் நல்லபடியாக இருந்தால் மிச்சத் தவணையைப் பற்றி டாக்டர் முடிவு செய்வார். அதுவரை ஒரு தவணையும் தவறக் கூடாது. தொடர்ந்து தெரு நாய்களைக் கையாளுபவராக இருந்தால், கடி வாங்குவதற்கு முன்பே போட்டுக்கொள்ளும் தடுப்பூசித் தவணை பற்றி அங்கேயே கேளுங்கள்.